நரிக்குட்டிக்குக் கொடுத்த அழுகை

காட்டு விலங்குகளைப் படம் எடுப்பவர்களின் பிழைப்பில் ஒரு கூத்து உண்டு. நீள லென்ஸில் நரியின் மீசை முடிகூடத் தெரியும். ஆனால் அவ்வளவு தூரத்தில் அது கத்தினாலும் மைக்கில் ஒன்றும் விழாது. அதனால் சத்தத்தையெல்லாம் ஊர் திரும்பிய பிறகு ஒலிக்கூடத்தில் உட்கார்ந்து போடுவார்கள். புல்லில் நடக்கும் நரிக்குப் பழைய கேசட் டேப்பைக் கசக்குவார்கள். சிறகடிப்புக்குத் தோல் கையுறையை உதறுவார்கள். பார்ப்பவர்கள், "எவ்வளவு கிட்டப் போய்ப் பதிவு பண்ணிருக்காங்க!" என்று வாயைப் பிளப்பார்கள்.

நம் இயக்குநரின் புதிய படத்தில், தாயை இழந்த நரிக்குட்டி ஒன்று வளை வாசலில் நின்று அழும். அதற்கு எந்தச் சத்தத்தைப் போட்டும் ஒலிப்பதிவாளருக்குத் திருப்தியில்லை.

"மனசைப் பிசையணும் சார். இதெல்லாம் பூனைச் சண்டை மாதிரி இருக்கு."

இயக்குநர் சற்று யோசித்துவிட்டுத் தன் கைபேசியில் ஒரு பதிவை ஓடவிட்டார். ஒரு குழந்தை "ப்பா... ப்பா..." என்று விக்கி விக்கி அழுதது.

"யாரு குழந்தை சார்?"

"தெரிஞ்சவங்க குழந்தை."

தெரிந்தவர்கள் யாருமில்லை, சொந்த மகள்தான். அவர் காட்டில் இருந்தபோது, காய்ச்சலில் அவரைக் கேட்டு அழுததை மனைவி பதிவு செய்து அனுப்பியிருந்தாள். அப்போதே முழுசாகக் கேட்டார். விடிந்தால் குட்டிகள் வெளியே வருமென்று தோன்றியதால் கிளம்பவில்லை. சிக்னலே இல்லை, அதனால் அப்போது கேட்கவில்லை என்று பிறகு மனைவியிடம் சொல்லிச் சமாளித்தார்.

ஒலிப்பதிவாளர் குரலை மெல்லிசாக்கினார், சொல்லைத் தேய்த்தார், ஊளையோடு கலந்தார். பிரமாதமாகப் பொருந்தியது. பெற்றவளுக்குத் தெரியாமல் போகுமா என்ற யோசனை மட்டும் அந்த மகானுக்கு வரவே இல்லை.

முதல் காட்சிக்கு மனைவியும் மகளும் வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். குட்டி அழுதது. அரங்கமே மூக்கை உறிஞ்சியது, மகளும்தான். மனைவி மட்டும் அழவில்லை. விறைத்து நிமிர்ந்தாள். பிறகு மெல்லத் திரும்பி அவரைப் பார்த்தாள். அவருக்குக் காது மடல்கள் சுட்டன. திரையைப் பார்ப்பதுபோல் முகத்தை வைத்துக்கொண்டார்.

படம் முடிந்ததும் தலைமை தாங்க வந்தவர் அவரை மேடையில் நிறுத்தித் தோளில் தட்டினார்.

"காக்கைக்கும் தன் குஞ்சு பொன் குஞ்சுன்னு சொல்லுவாங்க. இவருக்கு நரிக்குட்டிகூடப் பொன் குஞ்சுதான்!"

கைதட்டல் அடங்கவில்லை. நாக்கைப் பிடுங்கிக்கொண்டு சாகலாம் போலிருந்தது அவருக்கு. ஆனாலும் பழக்க தோஷம், சிரித்து வைத்தார்.

கீழே இறங்கியதும் மகள் ஓடிவந்து அவர் விரலைப் பிடித்துக்கொண்டாள்.

"அப்பா, அந்தக் குட்டி அப்படி அழுதுச்சே, நீங்க அங்கதானே இருந்தீங்க? ஏன்ப்பா போய்த் தூக்கல?"

மனைவிதான் பதில் சொன்னாள்.

"அப்பா ரொம்பத் தூரத்துல இருந்தாருடி. அவருக்குக் கேட்டிருக்காது."

நாலு பேர் முன்னால் திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பார். அவர் சொல்லிவந்த பொய்யையே எடுத்து அவருக்குப் பிச்சையாகப் போட்டிருந்தாள். மகளும் அதை நம்பி, பாவம் அப்பா என்பதுபோல் தலையாட்டினாள். அதைத்தான் அவரால் பொறுக்க முடியவில்லை.

"கேட்டுச்சும்மா," என்றார். "நல்லாவே கேட்டுச்சு."

அவர் விரலைப் பிடித்திருந்த கையை மகள் எடுத்துக்கொண்டாள்.