தார்ன்பிரிட்ஜ் நகரின் தலைமைச் சங்கிலி

ஆற்றின் மேல் படர்ந்த வெண்பனி கதிரவன் கை பட்டு மெல்ல மெல்ல விலக, கல்லால் கட்டிய பாலமும், அதன் இருபுறமும் ஈட்டி ஊன்றி நின்ற காவல் வீரரும், அவர்க்கு அப்பால் கூரை மேல் கூரையாய் ஏறிச் செல்லும் தார்ன்பிரிட்ஜ் நகரும், துயில் கலைந்து எழும் மாந்தரைப் போல ஒவ்வொன்றாய்த் தோன்றின. இலையுதிர் காலம் தொடங்கிவிட்டது. அறுவடை முடிந்த வயல்களில் வாத்துகள் மேய்ந்தன. சந்தைக்கு மேலே தூண்கள் தாங்கிய நகர மன்றத்தின் முகப்பில், முன்பு மன்னர் குடிச் சின்னம் பதிந்திருந்த இடம் மட்டும், மழையும் வெயிலும் படாத வெளிறிய தோலைப் போலத் தனித்துத் தெரிந்தது. மன்னரின் தலை இலண்டன் மாநகரில் வீழ்ந்து ஆண்டுகள் சில கடந்திருந்தன. நாடு குடியரசு என்று பெயர் பெற்றிருந்தது. ஆயினும் கள்ளுக்கடைகளை மூடியதும், கோயிலுக்குள் குதிரைகளைக் கட்டியதும், திருநாள்களை நிறுத்தியதும் குடிகள் அல்லர், படையே.

அந்நகரின் காவற்படைத் தலைவன் ரால்ஃப் விட்காம். கையுறை தைப்பவரின் மகனாய் அவ்வூரிலேயே பிறந்து, மன்னரை எதிர்த்து வாளெடுத்த நாளில் தம்பி சைமனையும் உடன் அழைத்துச் சென்று, வலக்கையில் இரு விரல்களையும், ஒரு கோட்டையின் அகழிச் சேற்றில் தம்பியையும் இழந்து மீண்டவன். ஆள்வோரை ஆளப்படுவோரே தெரிந்தெடுக்கும் காலம் வரும் என்னும் ஒரு நம்பிக்கையே அவ்விழப்புகளை அவன் தாங்கிக்கொள்ளத் துணை நின்றது. அந்தக் காலம் முந்தைய நாள்தான் அவன் ஊருக்கு வந்தது. வந்த விதம்தான் அவனைத் துயிலவிடாமல் செய்தது. போர் தொடங்கியபின் முதல்முறையாக, கழுத்தில் சங்கிலி அணிந்து நகரை ஆளும் தலைவரைத் தெரிந்தெடுக்கும் அந்நாளில், நகரக் குடிகள் மன்றத்தில் கூடிக் கையுயர்த்தி, கம்பளி வணிகர் ஆம்ப்ரோஸ் லைலைத் தெரிந்தெடுத்தனர். போர்க்காலத்தில் தம் வீட்டு வெள்ளிக் கலங்களையெல்லாம் உருக்கி மன்னரின் படைக்கு அளித்தவர் அந்த லைல்.

செய்தி கேட்டு, அம்மாவட்டம் முழுவதையும் ஆண்ட பெரும்படைத்தலைவர் கிடியன் ஸ்டார்க்கி வைகறையிலேயே குதிரையேறி வந்து சேர்ந்தார். தீய எண்ணம் உடையவர் அல்லர் அவர். நாள்தோறும் முழந்தாளிட்டு வேண்டுபவர். தாம் செய்வதெல்லாம் இறைவனின் விருப்பமே என்பதில் ஒருபோதும் ஐயுறாதவர்.

"நேத்து நடந்தது செல்லாதுன்னு சொல்லிடு" என்றார், கையுறையைக் கழற்றியபடியே. "நாளைக்கு மறுபடி எல்லாரையும் கூப்பிடு. சங்கிலிய நீயே போட்டுக்கோ."

"ஊர்க்காரங்க அவரத்தானே கேட்டாங்க, ஐயா?"

"விட்காம், ஜுரம் வந்தவன் தண்ணி கேப்பான். கேட்டதெல்லாம் குடுத்துட முடியுமா? கொஞ்ச காலம் நாம பாத்துக்கணும். அப்புறம் அவங்களே நல்லதா கேப்பாங்க."

"அந்தக் கொஞ்ச காலம் எப்போ முடியும், ஐயா?"

மறுநாள் துப்பாக்கி வீரரை மன்றத்தின் நாற்புறமும் நிறுத்தும்படி ஸ்டார்க்கி ஆணையிட்டார்.

இல்லம் திரும்பிய ரால்ஃப், மனைவி டார்க்காஸ் வாத்தின் இறகைப் பறித்துக்கொண்டிருக்கக் கண்டான். நடந்ததை அவன் சொல்லி முடிக்கும்வரை அவள் கை நிற்கவில்லை.

"போட்டுக்கோங்க" என்றாள். "இதுல யோசிக்க என்ன இருக்கு? அந்த லைல் குடுத்த வெள்ளியில வாங்கின குண்டுதான் சைமன் மேல பாஞ்சிதோ என்னவோ. அவன் கழுத்துல சங்கிலி தொங்கறத நீங்க பாத்துட்டு நிப்பீங்களா?"

"சைமன் எதுக்காகச் செத்தான், டார்க்காஸ்? நான் தலைவனாகணும்னா?"

"எனக்குத் தெரியாது. செத்துட்டான், அது தெரியும்." கையில் ஒட்டிய இறகை உதறிவிட்டு அவளே தொடர்ந்தாள். "அந்த ஸ்டார்க்கி பேச்சத் தட்டினா உங்க வேலை போயிடும். கையுறை தைக்கலாம்னா உங்களுக்கு விரலும் இல்ல."

"நீ தைப்பியே."

"தைப்பேன். திட்டிக்கிட்டேதான் தைப்பேன்" என்றாள் அவள். ஆனால் அவன் முகத்தை நோக்கவில்லை.

அன்று மாலை அவன் லைலின் கம்பளிக் கிடங்கிற்குச் சென்றான். மூட்டைகளின் நடுவே, பருத்த உடலும் நரைத்த மீசையுமாய் அமர்ந்திருந்த முதியவர் எழவில்லை.

"வாங்க கேப்டன். பூட்டு போட வந்தீங்களா, இல்ல ஆளையே புடிக்க வந்தீங்களா?"

"ஒண்ணு கேக்க வந்தேன். உங்களுக்குக் குடியரசு பிடிக்காது. அப்புறம் எதுக்கு அதுக்குக் கீழ தலைவராகணும்?"

"பிடிக்காதுதான். இல்லேன்னு சொல்லல. ஆனா உங்க ஆளுங்களுக்கு மட்டும் பிடிச்சிருக்கா? பிடிச்சிருந்தா நாளைக்கு எதுக்கு மன்றத்தச் சுத்தித் துப்பாக்கி?"

ரால்ஃபின் நெஞ்சில் அச்சொல் முள்ளாய்த் தைத்தது. பகைவன் வாயிலிருந்து வந்தமையாலேயே அதனைப் பிடுங்கி எறிய அவனுக்கு வழி தெரியவில்லை. தெருவில் இறங்கி நடந்தான்.

மறுநாள் நகரக் குடிகள் மன்றத்தில் நிறைந்தனர். கொல்லரும் தோல் பதனிடுவோரும், பாலாடைக்கட்டி விற்போரும் நெசவாளரும், சுவரோரம் நின்ற வீரரையும் அவர்தம் துப்பாக்கிகளையும் பார்த்துப் பார்த்துத் தலை குனிந்தனர். பெரும்படைத்தலைவர் விடுதியில் உணவருந்தி, செய்தியை எதிர்நோக்கி இருந்தார். ரால்ஃப் மேடை ஏறினான். மேசை மேல் கிடந்த சங்கிலியைக் கையில் எடுத்தான். பின்னர்த் தன் வீரரை நோக்கி, பாலத்திற்குச் சென்று காவல் நிற்கும்படி பணித்தான். அவர்கள் ஒருவரையொருவர் நோக்கித் தயங்கி, பின் படியிறங்கிச் செல்லும் ஓசை கேட்டு அடங்கும்வரை அவன் காத்து நின்றான்.

"என்னைத் தலைவனாக்கச் சொல்லி உத்தரவு" என்றான் ரால்ஃப். "உத்தரவ விடுங்க. இப்போ இங்க துப்பாக்கி இல்ல. நானும் நிக்கறேன், லைலும் நிக்கறாரு. யாரு வேணுமோ கை தூக்குங்க."

லைலைவிடத் தனக்குச் சிலரேனும் மிகுதியாய்க் கையுயர்த்துவர் என்று அவன் உள்ளத்தின் ஒரு மூலை எதிர்பார்த்திருந்தது. அவனும் அவ்வூர் மகன் அன்றோ. உயர்ந்தவை, அவனோடு போருக்குச் சென்று மீண்ட கொல்லரின் கையும், ரொட்டி சுடுபவரின் கையும், இன்னும் ஓரிரு கைகளுமே. லைலின் பெயர் சொன்னபோது மன்றம் நாணற்காடாய் எழுந்தது.

"மனசுல வச்சுக்காதீங்க கேப்டன்" என்றான் நெசவாளன் ஒருவன், பின்வரிசையிலிருந்து. "உங்க குதிர எங்க கோயில்ல சாணி போடாம இருந்திருந்தா உங்களுக்கும் தூக்கியிருப்போம்."

மன்றம் சிரித்தது. ரால்ஃபுக்கும் சிரிப்பு வந்தது. கண்ணில் நீரும் வந்தது. விரல் இழந்த கையால் சங்கிலியைத் தூக்கி, தன் தம்பியைக் கொன்ற அணியின் துணைவராய் நின்றவர் கழுத்தில், கோணலின்றி நேர்செய்து அணிவித்தான்.

ஸ்டார்க்கி சினக்கவில்லை. "நீ நல்லவன், விட்காம். ஆனா ஆளறதுக்கு லாயக்கில்ல" என்று கூறி, அவன் வாளைப் பெற்றுக்கொண்டு அனுப்பிவிட்டார். அவ்வார இறுதிக்குள் லைல் வீட்டுக்காவலில் வைக்கப்பட்டார். வேற்றூர்ப் படைஞன் ஒருவன் சங்கிலி அணிந்தான். ரால்ஃப் செய்த செயலால் நகரில் எதுவும் மாறவில்லை. டார்க்காஸ் சொன்னவாறே திட்டிக்கொண்டே தைத்தாள். அவன் தோலை வெட்டிக் கொடுத்தான்.

பின்னர்க் குடியரசும் பனிபோல் விலகிற்று. கொல்லப்பட்டவரின் மகன் மன்னராய் மீண்டார். மணிகள் ஒலித்தன, கள்ளுக்கடைகள் திறந்தன, லைல் தம் இருக்கைக்குத் திரும்பினார். ஆயின் சிறிது காலத்திலேயே மன்னரின் ஆணையர் பட்டாடை உடுத்தி வந்து, இனி நகரத் தலைவரைத் தாங்களே அமர்த்துவதாகக் கூறினர். அது ஊராரின் உரிமை என்று மறுத்த லைலை, வெள்ளி உருக்கிக் கொடுத்தவர் என்றும் பாராது, மன்றத்தினின்று நீக்கினர்.

நீக்கப்பட்ட மறுநாள் முதியவர் கோலூன்றி ரால்ஃபின் கையுறைக் கடைக்கு வந்தார். டார்க்காஸ் எழுந்து உள்ளே சென்றாள். சற்று நேரத்தில் கள் நிறைந்த ஒரு குவளையைக் கொணர்ந்து அவர்முன் ஓசைபட வைத்துவிட்டுத் தன் ஊசியை எடுத்துக்கொண்டாள்.

"ஒண்ணு கேக்கணும்னு ரொம்ப நாளா இருந்துச்சு" என்றார் லைல். "அன்னைக்கு நீங்க யாருக்குக் கை தூக்கினீங்க?"

"யாருக்கும் இல்ல. ஒரு கையில சங்கிலி. இன்னொரு கை மேசையப் புடிச்சிட்டு இருந்துச்சு."

"நான் எனக்கே தூக்கிக்கிட்டேன்" என்றார் முதியவர்.

இருவரும் நெடுநேரம் சிரித்தனர். பின் வாயில் வழியே சந்தையை நோக்கினர். மன்னர் ஆண்டாலும் படை ஆண்டாலும், ஒரு பொழுது அம்மன்றத்தில் அச்சமின்றிக் கைகள் உயர்ந்தன. அப்பொழுதைக் கண்டவர் இருந்தனர். மக்கள் உரிமை ஓரிடத்தில் வேர்கொள்ள எத்துணைக் காலம் ஆகும் என்பதை அவ்விருவரும் அறியார். அறியாமலேயே, ஒருவர் நட்டதை மற்றவர் காத்து நின்று, இரு வேறு அணிகளின் கையாலும் ஒரே வகைத் தோல்வியைப் பெற்று, அந்தி மயங்கும்வரை ஒரே இருக்கையில் அமர்ந்திருந்தனர்.