குரோதாவுக்குத் தெரியாத ஒரு வார்த்தை

1934இல் அடையாற்று ஸ்டூடியோ ஒன்றுக்குச் சண்டையும் சிரிப்பும் கலந்த படக்கதை எழுத ஜப்பானிலிருந்து வந்து சேர்ந்தவர் குரோதா. எல்லோரும் அவரைக் ‘குரோதம் சார்’ என்றார்கள். அவரோ கடித்த கொசுவிடமே மன்னிப்புக் கேட்கிற மனிதர்.

அவருடைய முதல் படத்தில் ஒரே உதையில் பதினேழு பேர் பறந்தார்கள். பதினெட்டாவது ஆள் சைதாப்பேட்டையில் போய் விழுந்தான். ஜனங்கள் விசிலடித்தார்கள். சிரிக்கத்தான் இல்லை. இரண்டாவது படத்துக்கும் அதே கதி.

“மூணாவதுக்கும் ஜனம் சிரிக்கலேன்னா கப்பல் ஏத்திடுவேன் தொரை,” என்று சொல்லிவிட்டார் முதலாளி இனாயத் சாயபு.

ஏறி எங்கே போவது? யோகோஹாமாவில் இருந்த வீட்டையும் வீட்டு மனிதர்களையும் 1923 பூகம்பம் ஒரே மத்தியானத்தில் கொண்டுபோயிருந்தது. இங்கே கச்சேரி ரோட்டில் ஓர் அறையாவது இருந்தது. அதில் அவரோடு தினமும் பேசியது கதவின் கீல் மட்டும்தான்.

தமிழை அவர் தலையணை கனமுள்ள அகராதியிலிருந்து கற்றவர். மூன்றாவது படத்தில் கதாநாயகன் கபாலி, ஜன்னல் விளிம்பில் ஏறி, “நான் போறேன்!” என்று கர்ஜித்துக் குதிக்க வேண்டும். கபாலி ஏறினான். குதிக்காமல் குரோதாவின் பக்கம் திரும்பினான்.

“இன்னா சார் இது? போறேன்னு சொல்லிக்கினு எவனாவது போவானா? எங்கம்மா படம் பாக்க வருவாங்க. மாட்டேன்.”

வில்லன் அன்வர் பாஷா கத்தியை இறக்கினார். “அவன் சொல்றது ரைட்டு தொரை. போய்ட்டு வரேன்னுதான் சொல்லணும். போறேன்னா ஒரேடியா போறதுன்னு ஆயிடும். ரெண்டு வருசமா இங்க கீறீங்க, யாரும் சொல்லலியா?”

யார் சொல்வார்கள்? அவர் அறையைப் பூட்டும்போது உள்ளே எவரும் இருந்ததில்லை. விடைபெற ஆளில்லாதவரிடம் அந்த வார்த்தை எப்படி வந்து சேரும்?

“எங்கள் ஊரிலும் அவ்வாறே. போய் வருகிறேன் என்போம். வீட்டிலுள்ளோர் போய் வா என்பர்,” என்றார் குரோதா. தான் அதைச் சொல்லிப் பதின்மூன்று வருஷமாயிற்று என்பதைச் சொல்லவில்லை. பென்சிலை எடுத்து, முழங்காலில் காகிதத்தை வைத்து அந்த இடத்தை மாற்றி எழுதினார்.

வில்லனின் கத்தி கழுத்தருகே நிற்கிறது. கபாலி பழக்கதோஷத்தில், “போய்ட்டு வரேண்ணே” என்கிறான். வில்லனும் பழக்கதோஷத்தில் கத்தியை இறக்கி, “சரி, பாத்துப் போய்ட்டு வா” என்கிறான். கபாலி குதித்த பிறகுதான் வில்லன் தலையில் அடித்துக்கொள்கிறான்.

முதல் மாட்டினியில் எழுந்த சிரிப்பில் கொட்டகைக் கூரை மூன்றடி எழும்பித் திரும்ப உட்கார்ந்தது. பட்டினப்பாக்கத்தில் காய்ந்துகொண்டிருந்த வலைகள் ஆடின. “இன்னொரு தபா போடு!” என்று தரை டிக்கெட் கூச்சல் போட, அந்த ரீலை மறுபடி ஓட்டினார்கள். இனாயத் சாயபு கண்ணைத் துடைத்துக்கொண்டு, “இன்னும் ரெண்டு வருசம் நம்மகிட்டதான் தொரை!” என்றார்.

குரோதா குனிந்து வணங்கினார். ஜனங்கள் குடும்பம் குடும்பமாக, அந்த வசனத்தைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தபடி வண்டியேறினார்கள். அவர் தனியே நடந்து, வெளிச்சம் இருக்கும்போதே அறைக்கு வந்து, அடுத்த சண்டையை எழுத உட்கார்ந்தார்.

பத்துப் பேரை வீழ்த்திவிட்டு மூச்சு வாங்க நிற்கிற கதாநாயகனிடம் வில்லன் கேட்கிறான்: “சாப்டியா?”

கேட்டால் என்ன பதில் சொல்வார்கள்? அவரை யாரும் கேட்டதில்லை. பதிலுக்கு ஒரு வரி இடம் விட்டு, நாளைக்கு அன்வர் பாஷாவிடம் கேட்டுக்கொள்ளலாம் என்று பென்சிலைக் கீழே வைத்தார்.