ஞாயிற்றுக்கிழமை போன்

இறந்துபோன அம்மாவுக்குத் தங்கை தலை சீவிக்கொண்டிருந்தபோதுதான் அக்கா உள்ளே வந்தாள். கையில் ஒரு துணிப்பை, காலில் ரப்பர் செருப்பு. தங்கைக்குப் பகீரென்றது. பாவி, ஒரு நல்ல செருப்பாவது போட்டுக்கொண்டு வரக் கூடாதா?

ஒன்பது வருஷத்துக்கு முன்னால் வேலைக்குப் போவதாகச் சொல்லிவிட்டுக் கிளம்பியவள் இவள். திரும்பவேயில்லை. ஒரு மாதம் அழுது தீர்த்த அம்மா, பிறகு முகத்தைக் கழுவிக்கொண்டு, பெரியவளுக்கு வெளிநாட்டில் வேலை கிடைத்துவிட்டது என்று தெரு முழுக்கச் சொல்லிவிட்டாள். இரண்டு பஸ் மாறினால் வரும் தூரத்தில், ஒரு சலவைக் கடையில் அக்கா இஸ்திரி போடுகிறாள் என்பது தங்கைக்கே நேற்றுதான் தெரியும். அக்காவின் பழைய சிநேகிதி ஒருத்தி நம்பர் கொடுத்தாள்.

"அம்மா போயிட்டாங்க. வா. நீ வெளிநாட்டுல இருக்கறதாத்தான் இங்க எல்லாருக்கும் தெரியும். அவங்க மானத்த வாங்கிடாத" என்று அக்காவிடம் சொல்லிவிட்டுப் போனை வைத்திருந்தாள் தங்கை.

கூடம் நிறைய ஜனம். இத்தனை பேர் முன்னால் அம்மா பொய்க்காரி ஆகிவிடக் கூடாது. தங்கைக்கு இன்றைக்கு வேண்டியது அது ஒன்றுதான்.

எதிர்வீட்டு டீச்சர் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு அக்காவிடம் நெருங்கினாள்.

"எப்பம்மா வந்து இறங்கின?"

"காலையில."

"பொட்டி ஒண்ணையும் காணோம்?"

"பின்னாடி வருது" என்று தங்கை முந்திக்கொண்டாள். இந்தம்மாவுக்குச் சுங்க அதிகாரி வேலையை யார் கொடுத்தது?

டீச்சர் விடுவதாயில்லை. "உங்கம்மாவுக்கு நீன்னா உசுரு. ஞாயித்துக்கிழமையானா உன் போனுக்காக ஜன்னல்ல வந்து உக்காந்துடுவாங்க. ஒரு மணி நேரம் பேசுவாங்களே! எங்க வீடு வரைக்கும் கேக்கும்."

அக்கா தங்கையைப் பார்த்தாள். இதை மட்டும் தங்கை சொல்லியிருக்கவில்லை. எப்படிச் சொல்வது? மறுமுனையில் யாருமில்லாத போனில் அம்மா திட்டுவாள், சிரிப்பாள், பதிலுக்குக் காத்திருப்பாள். சமையலறையில் நின்று தங்கை பல்லைக் கடிப்பாள். கூடவே கிடந்தவளிடம் ஒரு நாளும் அம்மா அப்படிச் சிரித்துப் பேசியதில்லை.

"கடைசியா என்னம்மா பேசினாங்க?" என்றாள் டீச்சர்.

அக்கா துணிப்பையின் பிடியை முறுக்கினாள். பக்கத்தில் இருந்தவர்களும் திரும்பிப் பார்த்தார்கள். போச்சு, எல்லாம் போச்சு.

தங்கை சீப்பைக் கீழே வைத்தாள்.

"உனக்கு இருமல் நிக்கலன்னு ஒரே கவல அவங்களுக்கு. மருந்து குடிச்சியா குடிச்சியானு கேட்டுக்கிட்டே இருந்தாங்களேக்கா."

அக்கா டீச்சர் பக்கம் திரும்பவில்லை. அம்மாவின் முகத்தருகே குனிந்தாள்.

"குடிச்சேம்மா" என்றாள்.