சைரனுக்கு மூன்று நிமிடம் முன்னால்

ஞாயிறு காலை பத்து மணிக்கு என் போன் அடிக்கும். அடிப்பவன் யூர்கன். நான் லண்டனுக்கு வந்த பதினைந்து வருஷத்தில் அவன் ஒரு ஞாயிறும் தவறவிட்டதில்லை. மற்ற ஆறு நாளும் எனக்கு வருவது நான் வேலை செய்யும் பெற்றோல் செற் மனேஜரின் ஷிப்ட் மெசேஜும், மருந்து எடுக்க வரச்சொல்லும் மெசேஜும்தான். மனைவி சந்திரவதனா கண்மூடி நாலு வருஷம். மகள் சயந்தினி லண்டனின் மறுகோடியில், செவன் கிங்ஸில் இருக்கிறாள். நல்ல பிள்ளை, நேரமில்லாத பிள்ளை. நான் இந்தக் கோடியில், சட்டனில், ரெயில் பாதையோரம், ஒற்றை அறை வீட்டில். தனியாகக் கிடக்கிறேன் என்று வாய் திறந்தால் ஆட்கள் உடனே விம்பிள்டன் கோயிலுக்கு வாங்கோ என்பார்கள். போனேன். செருப்பு வைக்கும் இடத்தில் இரண்டு பேர் சுகம் விசாரித்தார்கள். அவ்வளவுதான்.

யூர்கன் யாரென்று சொல்ல வேண்டும். தொண்ணூற்றிரண்டில் நான் ஜெர்மனியில் ஒரு சின்ன ஊரில் அகதி. அந்த வருஷங்களில் அகதிகள் இருந்த வீடுகளுக்குத் தீ வைப்பது அந்த நாட்டில் ஒரு காய்ச்சல் போலப் பரவியிருந்தது. பெரிய ஊர்களில் நடந்தவை உலகச் செய்தியாயின. எங்கள் விடுதிக்கு வைத்தது உள்ளூர்ப் பத்திரிகையின் எட்டாம் பக்கத்தோடு சரி. ஒரு சனிக்கிழமை, கோடைவெளிச்சம் அடங்குகிற நேரம், கீழ்மாடி யன்னலால் பெற்றோல் நிரப்பிக் கொளுத்திய போத்தல் வந்து விழுந்தது. படிக்கட்டு முழுக்கப் புகை. என்னோடு ஒரே அறையில் இருந்த மன்னார் யேசுரட்ணம் பொறுக்க ஏலாமல் இரண்டாம் மாடியிலிருந்து குதித்து இடுப்பை உடைத்துக்கொண்டான். நான் யன்னல் சட்டத்தைப் பிடித்தபடி இருமிக்கொண்டு நின்றேன். தீயணைப்பு ஏணியால் ஏறிவந்து என்னைத் தோளில் போட்டு இறக்கியவன்தான் யூர்கன். அப்போது அவனுக்குப் பத்தொன்பது வயது.

மறுநாள் ஆஸ்பத்திரிக்கு சொக்கிலேற்றோடு வந்தான். பிறகு வந்துகொண்டே இருந்தான். எனக்கு ஜெர்மன் சொல்லித்தந்தான். இரண்டு வருஷத்தில் என்னைத் தங்கள் தீயணைப்புப் படையில் சேர்த்தும் விட்டான். அங்கே சின்ன ஊர்களில் சம்பளத்துக்குத் தீயணைக்கிற ஆட்கள் இல்லை. பேக்கரியில் பாண் போடுகிறவன், கார் திருத்துகிறவன், வாத்தியார், எல்லாரும் தொண்டர்கள். சைரன் ஊதினால் போட்டது போட்டபடி ஓடிவர வேண்டும். முகமூடி மாட்டி உள்ளே போனால் சோடி சோடியாகத்தான். படையில் சேர்ந்தவர்களுக்குள் மரியாதைப் பன்மை கிடையாது, எல்லாரும் 'நீ'தான். ஊர்க் கடைக்காரி என் மிச்சக் காசைக் கையில் தராமல் மேசையில் வைத்த காலத்தில் முப்பது வெள்ளைக்காரர் என்னை நீ என்று கூப்பிட்டார்கள். எனக்கு அது எவ்வளவு பெரிய விசயம் என்று லண்டனில் ஒருவருக்கும் விளங்கப்படுத்த முடியவில்லை.

பிள்ளை இங்கிலீஷில் படிக்க வேண்டும் என்று சந்திரவதனா ஒற்றைக்காலில் நின்றாள். வந்தோம். வந்த புதிதில் நான் ஒரு தீயணைப்பு நிலையத்துக்குப் போய்த் தொண்டனாகச் சேரக் கேட்டேன். அங்கே நின்ற பிள்ளை இங்கே அப்படி ஒரு முறை இல்லை என்று பக்குவமாகச் சொல்லி, புகை அலாரம் பற்றிய துண்டுப் பிரசுரம் ஒன்றைத் தந்து அனுப்பினாள். எனக்கு! பதினைந்து வருஷம் நெருப்புக்குள் போய்வந்தவனுக்கு! பஸ்ஸில் வரும்வழியெல்லாம் எனக்குப் பத்திக்கொண்டு வந்தது.

இந்த வருஷம் அந்தப் படைக்கு நூற்றைம்பது வயது. விழா மலருக்கு நான் இரண்டு பக்கம் எழுதித் தரவேண்டும் என்று செயலாளர் கேட்டு, உதவியாக விடுதி எரிந்த நாளின் பதிவுப் புத்தகப் பக்கத்தைப் படம் எடுத்து வட்ஸ்அப்பில் அனுப்பினார். எனக்குச் சந்தோசத்தில் தலைகால் தெரியவில்லை. பெற்றோல் செற்றில் சனம் வரிசையில் நிற்க, நான் அந்தப் படத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தேன்.

அந்தக் காலத்து நிலையக் காவலாளி ஒரு எழுத்துப் பைத்தியம். யார் கதவைத் திறந்தாலும் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்து நேரத்தை எழுதிவிடுவார். அலாரம் ஒன்பது பதினாலு. கார் திருத்துகிறவன் ஒன்பது பதினேழு. வாத்தியார் ஒன்பது பத்தொன்பது. எல்லாருக்கும் மேலே யூர்கன், ஒன்பது பதினொன்று.

கிழவர் பிழையாக எழுதிப்போட்டார் என்றுதான் நினைத்தேன். அந்த ஞாயிறு அவன் அடித்ததும் பகிடி விட்டேன். சைரன் ஊத மூன்று நிமிடம் முன்னாலேயே வந்து நின்ற ஒரே தீயணைப்புக்காரன் நீதானடா, உனக்குத்தான் பதக்கம் தரவேண்டும் என்றேன். லைன் அறுந்துவிட்டதென்று இரண்டு தரம் ஹலோ சொன்னேன்.

"அவர் பிழையாய் எழுதேல்லை, பாலா" என்றான். நாங்கள் பேசுவது ஜெர்மன். ஆனால் அவன் சொன்னது எனக்குள் தமிழில்தான் கிடக்கிறது. "நாங்கள் மூண்டு பேர். போத்தலை எறிஞ்சது நான்."

குடித்திருந்தார்களாம். சும்மா வெருட்டத்தானாம். திரைச்சீலை பற்றியதும் மற்ற இருவரும் ஒரு பக்கம் ஓட, இவன் நிலையத்துக்கு ஓடியிருக்கிறான். சொல்லத்தான் ஓடினானாம். வாசலில் காவலாளியைக் கண்டதும் வாய் வரவில்லை. உடுப்பை மாட்டிக்கொண்டு, வேறு யாராவது போன் பண்ணும்வரை மூன்று நிமிடம் பேசாமல் நின்றிருக்கிறான்.

மூன்று நிமிடம். யேசுரட்ணம் குதித்தது எப்போதென்று எனக்குத் தெரியும். தீயணைப்பு வண்டிச் சத்தம் கேட்கிறது, கொஞ்சம் பொறடா என்று நான் கத்த, அவன் குதித்துவிட்டான். மூன்று நிமிடம் முன்னால் அந்த வண்டி வந்திருந்தால் அவன் இன்றைக்குப் ஊன்றுபொல்லில்லாமல் நடப்பான்.

போனை வைத்தேன். அடுத்த ஞாயிறு பத்து மணிக்கு அடித்தது, நான் எடுக்கவில்லை. அதற்கடுத்த ஞாயிறும் எடுக்கவில்லை. மூன்றாம் ஞாயிறு அடிக்கவே இல்லை. சும்மா சொல்லக்கூடாது, அடித்த இரண்டு ஞாயிறையும்விட அடிக்காத ஞாயிறுதான் என்னைக் கொன்றது. எரித்தது போகட்டும், அந்த விசரன் பிறகு செய்த முப்பது வருஷத்தை நான் எந்தக் கணக்கில் வைப்பது? எனக்குக் கிடைத்தது சிநேகமா, செய்த பாவத்துக்குப் பிராயச்சித்தமா? என் கலியாணத்தில் மாப்பிள்ளைத் தோழனாக வேட்டியோடு நின்றவன் அவன். சந்திரவதனாவின் செத்தவீட்டுக்கு அங்கிருந்து இரவிரவாகக் காரோட்டி வந்தவனும் அவன்.

ஆருக்காவது சொன்னால் ஆறும் என்று செவன் கிங்ஸுக்குப் போனேன். சயந்தினி சோறு போட்டாள், பக்கத்தில் லப்டொப்பையும் வைத்துக்கொண்டாள். பழைய கூட்டாளி ஒருவன் எனக்குத் துரோகம் செய்துவிட்டான் என்று தொடங்கினேன்.

"ப்ளொக் பண்ணிவிடுங்கோ அப்பா" என்றாள், கண்ணை எடுக்காமல். "உங்கட வயசில உந்த ஸ்ட்ரெஸ் தேவையில்ல."

அவளில் குற்றமில்லை. குழம்பு நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிட்டு ரெயில் ஏறினேன்.

யேசுரட்ணம் பாரிஸில் இருக்கிறான். அவனுக்கும் போன் எடுத்தேன். இந்தக் குளிருக்கு இடுப்பு மரத்துப்போகிறது, டொக்டர் இன்னொரு ஒப்பரேசன் வேண்டும் என்கிறார் என்றான். என்ன விசேசம், நீ சும்மா எடுக்கமாட்டியே என்று கேட்டான். சும்மாதான் என்றேன். சொல்லியிருக்க வேண்டும், அது அவனுக்குச் சேரவேண்டிய உண்மை. ஆனால் சொன்னால் அவன் கேட்கப்போகும் முதல் கேள்விக்குப் பயந்தேன். "இப்ப அவனோட கதைக்கிறியோ?" என்றுதான் கேட்பான்.

போனை மடியில் வைத்துக்கொண்டு கட்டிலில் இருந்தேன். அதிலிருந்த பெயர்களை ஒவ்வொன்றாகத் தள்ளித் தள்ளிப் பார்த்தேன். மனேஜர், மருந்துக்கடை, பொயிலர் திருத்துகிறவன், செத்துப்போன சந்திரவதனா. ஒன்றும் விளங்கப்படுத்தாமல் நான் பேசக்கூடிய ஆள் இந்த உலகத்தில் எனக்கு ஒருவன்தான் இருந்தான். எனக்கு அழுகை வந்தது. வெட்கமில்லாமல் சத்தமாக அழுதேன்.

பிறகு யூர்கனுக்கு அடித்தேன். முதல் மணியிலேயே எடுத்தான். அவன் மூச்சு மட்டும் கேட்டது.

"யூர்கன்" என்றேன். "எனக்கொரு சிநேகிதன் இருந்தவன். அவன் எங்கட வீட்டுக்கு நெருப்பு வைச்சவன் எண்டு இப்பதான் தெரியவந்தது. ஒருத்தரிட்டையும் சொல்ல ஏலாமல் கிடக்கிறன். உன்னட்டச் சொல்லட்டோ?"

உடைந்த குரலில், "சொல்லு" என்றான்.

நான் சொல்லத் தொடங்கினேன்.