மருமகள் உட்காரும் கவுன்டர்

என் மருமகளைக் கவுன்டரிலிருந்து எழுப்பிவிட்டார்கள் என்று மாடி வீட்டுக்காரர் வந்து சொன்னதும், சட்டைப் பொத்தானைக் கழுத்துவரை போட்டுக்கொண்டு கிளம்பினேன். எங்கள் வீட்டு ஆட்களை யாரும் எழுப்பிவிட்டதில்லை. நாங்களாகத்தான் எழுந்து வருவோம். அவளைக் கையோடு கூட்டி வந்துவிடுவது என்றுதான் போனேன்.

அவள் செய்த குற்றம், சூப்பர் மார்க்கெட்டில் பில் போடும்போது வருகிறவர்களிடம் இரண்டு வார்த்தை பேசியது. வரிசை நகரவில்லையாம். அதனால், அவரவரே பில் போட்டுக்கொள்ளும் மெஷின்கள் பக்கம் அவளை நிறுத்திவிட்டார் மேனேஜர். மெஷின் மக்கர் செய்தால் மட்டும் அவள் போய்ச் சரிசெய்ய வேண்டும்.

உள்ளே போனால், ஆள் நின்ற மெஷின்களெல்லாம் உதவி கேட்டுச் சிவப்பாக மினுக்கிக்கொண்டிருந்தன.

"அம்மாடி, இது என்னைத் திட்டுது," என்றார் ஒரு பஸ் டிரைவர்.

"நேத்தும் திட்டுச்சுன்னீங்களே அண்ணே. முழங்கால் வலி எப்படி இருக்கு?" என்றாள் என் மருமகள்.

"கேக்க ஆள் இல்லாம அது பாட்டுக்கு வலிக்குது."

பக்கத்து மெஷினில் ஓர் அம்மாள் சோப்பைக் காட்டிக்கொண்டிருந்தார். விலையை மெஷின் படிக்கும் கோடு போட்ட இடத்தைக் கட்டைவிரலால் மறைத்திருந்ததை நான் பார்த்துவிட்டேன். நான் பார்த்ததை அவரும் பார்த்தார். விரல் நகரவில்லை.

மேனேஜர் ஓடி வந்தார். "குடுங்கம்மா, நான் போட்டுத் தர்றேன்."

"நீங்க வேண்டாம் தம்பி, உங்களுக்கு அவசரம். வீட்டுக்குப் போனா நான் சுவரோடதான் பேசணும். அந்தப் பொண்ணு வரட்டும்."

மருமகள் என்னைப் பார்த்துவிட்டாள். "மாமா! நீங்க எங்க இங்க?"

கூட்டிப்போக வந்தேன் என்று சொல்ல வாய் வரவில்லை. ஒரு தீப்பெட்டியை எடுத்துக்கொண்டு, காலியான மெஷின் முன் நிமிர்ந்து நின்று, தப்பு என்று தெரிந்தே ஒரு பொத்தானை அழுத்தினேன். தெரிந்ததைத் தெரியாது என்று சொன்னவர்கள் எங்கள் குடும்பத்தில் கிடையாது. அன்று நான் சொன்னேன்.

"தம்பி, எனக்கும் இது புரியலை. அந்தப் பொண்ணைக் கூப்பிடுங்க."

மேனேஜர் சிவப்பு வெளிச்சங்களை ஒரு சுற்றுப் பார்த்தார். "போம்மா. உன் சீட்டுலயே போய் உக்காரு. இவங்க எல்லாரையும் கூட்டிட்டுப் போயிடு."

ஊர்வலம் போலப் போனோம். டிரைவர் முன்னால், நான் கடைசியில். என் முறை வந்தது.

"சொல்லுங்க சார், எப்படி இருக்கீங்க?" என்றாள், சிரிப்பை அடக்கிக்கொண்டு.

வரிசை முழுதும் கேட்கும்படி சொன்னேன்: "எனக்கென்ன குறை? என் மருமக இங்கதான் வேலை பார்க்கிறா."