ஒன்பது நொடி

"அக்கா, நீங்க பாட்டும் பாடல, கதையும் சொல்லல, நடிக்கவும் இல்ல. பொறவு எதுக்கு இம்புட்டு சத்தமாப் பேசுதீங்க? வீட்ல யாரும் காது குடுத்துக் கேக்க மாட்டாங்களா?"

சுரண்டையில் ஒரு பள்ளிக்கூட ஆண்டுவிழாவில் ஆறாம் வகுப்புச் சிறுமி ஒருத்தி ஹஃப்சாவிடம் இப்படிக் கேட்டுவிட்டாள். டீச்சர்மார் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். ஹஃப்சாவும் சிரித்து வைத்தாள். ஆனால் பஸ் தென்காசிக்கு வந்து சேரும்வரை அந்தக் கேள்வி அவள் மடியில் ஏறி உட்கார்ந்துகொண்டு இறங்க மாட்டேன் என்றது.

குழந்தையாவது நேராகக் கேட்டது. பெரியவர்களுக்கு அந்த நேர்மைகூட இல்லை. சென்னையில் படித்த காலத்தில், முப்பது பேர் உட்காரும் காப்பிக் கடைகளில் ஹஃப்சா மேடையேறுவாள். கையில் தாள் கிடையாது. தானே எழுதிய கவிதையைத் தன் உடம்பாலும் குரலாலும் சொல்லுவாள். அவள் பேசிய ஒரு கவிதையை இணையத்தில் இரண்டு லட்சம் பேர் பார்த்தார்கள். உம்மா ஹைருன் பீவிக்கு முட்டுவலி வந்து, துணைக்கு ஆள் வேண்டும் என்று ஊருக்குத் திரும்பிய பிறகுதான் தொல்லை ஆரம்பித்தது. அவள் செய்வதற்கு என்ன பெயர் என்று தென்காசியில் ஒருவருக்கும் தெரியவில்லை. ஒரு அழைப்பிதழில் 'பட்டிமன்றப் பேச்சாளர்' என்று போட்டார்கள். இன்னொன்றில் 'இன்னிசைக் குயில்'. கடைத்திறப்பு விழா ஒன்றில் 'பலகுரல் கலைஞர்' என்று சொல்லிவிட, முன்வரிசையில் இருந்தவர் குயில் மாதிரி கத்திக் காட்டச் சொன்னார்.

இதையெல்லாம் பொறுத்துக்கொண்டாள். பொறுக்க முடியாமல் போனது அந்த ஒன்பது நொடி விஷயத்தில்தான்.

அவளுடைய கவிதைகளில் ஆகச் சிறந்தது உம்மாவைப் பற்றியது. வாப்பா துபாயிலிருந்து வாரம் ஒருமுறை போன் செய்வார். எடுத்ததும் "நல்லா இருக்கியா?" என்று கேட்பார். உம்மா உடனே பதில் சொல்ல மாட்டாள். ரிசீவரைப் பிடித்தபடி சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்பாள். பிறகுதான் "நல்லா இருக்கேன்" என்பாள். சின்னப் பிள்ளையாக இருந்தபோது ஹஃப்சா அந்த இடைவெளியைச் சுவர்க் கடிகாரத்தில் எண்ணியிருக்கிறாள். ஒன்பது நொடி. மேடையில் அந்த இடம் வரும்போது அவளும் ஒன்பது நொடி பேசாமல் நிற்பாள். கவிதையின் உயிரே அங்கேதான் இருந்தது.

அந்த உயிரை இந்தச் சுற்றுவட்டாரமே சேர்ந்து வாங்கியது. இலஞ்சியில் அவள் நிறுத்தியதும் முடிந்துவிட்டது என்று கைதட்டி, அடுத்த நிகழ்ச்சிக்காரர்களை மேடையில் ஏற்றிவிட்டார்கள். ஆய்க்குடியில் ஒரு பெரியவர் எழுந்து, "பயப்படாதம்மா, நிதானமா யோசிச்சுச் சொல்லு" என்று தைரியம் சொன்னார். சுரண்டைத் தலைமையாசிரியை ஓடிவந்து காதில், "வணக்கம்னு முடிச்சிரும்மா" என்றாள். நல்ல மனசோடுதான் செய்தார்கள். நல்ல மனசோடு செய்கிறவர்களிடம் எப்படிக் கோபப்படுவது? அதுதான் அவளுக்குப் பெரிய எரிச்சல்.

இந்த வருஷம் குற்றாலத்தில் சீசன் நன்றாக இருந்தது. ஐந்தருவி போகும் சாலையில் ஒரு கலைச் சங்கத்தார் பந்தல் போட்டு ஆறு நாள் விழா நடத்தினார்கள். மூன்றாம் நாள் ஹஃப்சாவின் நிகழ்ச்சி. கொச்சியில் டிசம்பரில் நடக்கும் பெரிய கவிதை விழாவுக்கு ஆள் எடுக்கும் ஸ்ரீமதி என்ற அம்மாள் அன்றைக்கு நேரில் வருகிறாள். 'வீடியோவில் பார்த்தேன். அந்த மௌனத்தை ஒரு கூட்டத்தின் நடுவே நீங்கள் காப்பாற்றுவதைப் பார்க்க வேண்டும்' என்று எழுதியிருந்தாள்.

காலையிலேயே பந்தலுக்குப் போனாள் ஹஃப்சா. மைக்செட்காரர் நாறும்பூநாதன் அண்ணாச்சி ஆம்பிளிஃபயர் மேல் தார்ப்பாய்த் துண்டை விரித்துக்கொண்டிருந்தார். அறுபது வயது. உதவிக்கு யாரும் கிடையாது, எல்லாம் அவர் ஒருவரே.

"அண்ணாச்சி, கவிதைக்கு நடுவுல ஒம்பது செகண்டு நான் பேச மாட்டேன். நீங்க எதையும் தொடக்கூடாது."

"ஏன் பேச மாட்ட?"

"கவிதை அப்படி."

"பேசாம இருக்கதுக்கு எதுக்கும்மா மைக்கு?"

ஹஃப்சா பல்லைக் கடித்துக்கொண்டாள். ஒரு தடவை கவிதையைச் சொல்லிப் பார்த்தாள். நாலாவது நொடியில் இன்னொரு மைக்கிலிருந்து "ஃபூ... ஃபூ..." என்று சத்தம் வந்தது.

"அண்ணாச்சி!"

"கை தானாப் போயிட்டும்மா."

மறுபடி சொன்னாள். இந்தத் தடவை ஆறாவது நொடியில் எங்கிருந்தோ புல்லாங்குழல் ஒலித்தது.

"இது என்ன?"

"சும்மா மெல்லிசா ஒண்ணு விட்டேன். சோகத்துக்கு நல்லா இருக்கும்லா?"

"உங்க கையக் கட்டிப் போட்டாத்தான் சரிப்படும் போல!" என்று கத்திவிட்டாள் ஹஃப்சா. "ஒம்பது செகண்டு. ஒரு மனுசனால ஒம்பது செகண்டு சும்மா இருக்க முடியாதா?"

அண்ணாச்சி தோளில் கிடந்த துண்டால் முகத்தைத் துடைத்தார். "கோவப்படாதம்மா. முப்பத்தெட்டு வருசமா இந்தத் தொழில்ல இருக்கேன். சத்தம் நின்னுட்டுன்னா ஊரு என்னயத்தான் திரும்பிப் பாக்கும். கலியாண வீட்ல நாதஸ்வரக்காரன் மூச்சு வாங்க நிறுத்துனாக்கூட எனக்குத்தான் ஏச்சு விழும். சத்தமில்லன்னா என் நெஞ்சு படபடன்னு அடிக்குது, அதுக்கு நான் என்ன செய்ய?"

அவள் பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாள். வீட்டில் சோற்றைப் பிசைந்துகொண்டே உம்மாவிடம் குறைப்பட்டாள்.

"பாவம் அந்த மனுசன்" என்றாள் ஹைருன் பீவி. "பேசாம இருக்கது எல்லாருக்கும் லேசுல வந்துருமாட்டி? நீ கெஞ்சிக் கேட்டியா, ஏசிக் கேட்டியா?"

ஹஃப்சா தட்டைப் பார்த்துக்கொண்டாள்.

ஆறு மணி நிகழ்ச்சி ஏழு மணி ஆகியும் தொடங்கவில்லை. பொன்னாடைகள் முடிந்தால்தானே? மேடையில் இருந்தவர்கள் மேடையில் இருந்தவர்களுக்கே போர்த்திக்கொண்டார்கள். இருபத்திரண்டு வரை எண்ணிவிட்டு ஹஃப்சா நிறுத்திக்கொண்டாள். வழியை மறித்து நிற்கும் வெள்ளைக் காரை எடுக்கச் சொல்லி மூன்று முறை அறிவிப்பு வந்தது. அருவியில் குளித்துவிட்டு ஈரத்தலையோடு வந்த கூட்டம், அவித்த சோளத்தைக் கடித்தபடி நடன நிகழ்ச்சிக்காகக் காத்துக்கிடந்தது. மூன்றாம் வரிசையில், நனைந்த குடையை மடியில் வைத்துக்கொண்டு ஸ்ரீமதி உட்கார்ந்திருந்தாள்.

சங்கச் செயலாளர் விஜயசங்கர் வந்தார். "ஏம்மா, சுருக்கமா முடிச்சிரு என்ன? டான்ஸ் குரூப்பு மேக்கப்பு போட்டு நிக்குது. கலைஞ்சிரும்."

ஹஃப்சா மேடையேறினாள். பந்தல் தகரத்தில் சாரல் விழும் ஓசை கேட்டது. அவள் பேசத் தொடங்கினாள். கருப்பு ரிசீவரின் கனத்தையும், அதைப் பிடித்திருந்த கையில் ஒட்டியிருந்த மாவையும், கடலுக்கு அப்பாலிருந்து மணல் சரசரக்க வந்த குரலையும் சொல்லச் சொல்ல, சோளம் கடித்த வாய்கள் மெதுவாக நின்றன. "நல்லா இருக்கியா? என்று கேட்டது கடல்" என்றாள். நிறுத்தினாள்.

ஒன்று. இரண்டு. மழைச் சத்தம் மட்டும் கேட்டது. மூன்று. யாரோ சிரித்தார்கள்.

"ஏ மைக்செட்டு! வயரு புடுங்கிட்டுலே!"

நாலு. "தூங்குதியாவே? எந்திரிச்சுப் பாரும்!"

ஹஃப்சா தலையைத் திருப்பவில்லை. ஆனால் மேடையின் ஓரம் அவள் கண்ணுக்குத் தெரிந்தது. நாறும்பூநாதன் அண்ணாச்சி நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். இரண்டு கைகளையும் தொடைக்கு அடியில் வைத்து, அவற்றின் மேலேயே உட்கார்ந்திருந்தார். தலை குனிந்திருந்தது.

ஐந்து. விஜயசங்கர் முன்வரிசையிலிருந்து எழுந்தே விட்டார். "யோவ் நாறும்பூ! செத்துட்டியா? மானம் போகுதுய்யா!" ஆறு. ஒரு சோளச் சக்கை பறந்துவந்து அண்ணாச்சியின் தோளில் பட்டு விழுந்தது. அவர் அசையவில்லை. உதடு மட்டும் எதையோ முணுமுணுத்தது. எண்ணிக்கொண்டிருந்தாரோ, சாமியைத்தான் கும்பிட்டாரோ.

ஏழு. எட்டு. ஒன்பது.

"நல்லா இருக்கேன்" என்றாள் ஹஃப்சா.

அந்தச் சொல் ஸ்பீக்கரில் அத்தனை தெளிவாக வந்ததும் கூட்டம் திகைத்துப்போனது. பின்வரிசையில் ஒரு பெண் முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். அங்கேயிருந்துதான் கைதட்டல் தொடங்கி முன்னால் வந்தது. இறங்கியதும் ஸ்ரீமதி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "நானும் எண்ணினேன். சரியா ஒன்பது. டிசம்பரில் கொச்சிக்கு வரணும்."

மறுநாள் காலையில், அண்ணாச்சியிடம் இரண்டு நல்ல வார்த்தை சொல்ல வேண்டும் என்று ஹஃப்சா பந்தலுக்குப் போனாள். அவர் வயரைச் சுருட்டி லோடு ஆட்டோவில் ஏற்றிக்கொண்டிருந்தார்.

"என்ன அண்ணாச்சி? இன்னும் மூணு நாளு இருக்குல்லா?"

"வேற ஆளு வருதாம். நேத்து மைக்கு லைன் போயிட்டுன்னு செயலாளருக்கு மனசு விட்டுப்போச்சு. இனிமே எந்த வருசமும் வேண்டாம்னுட்டாரு."

"லைன் எங்க போச்சு? நாந்தான் பேசாம இருந்தேன்! நீங்க சொல்ல வேண்டியதுதான?"

"என்னன்னு சொல்ல? அந்தப் புள்ள வேணும்னேதான் நின்னுச்சுன்னா நம்புவாங்களா? மேடையில மறந்து முழிச்சிருக்கு, இவன் முட்டுக் குடுக்கான்ம்பாங்க. மனப்பாடமாப் பேசுதவளுக்கு அந்தப் பேரு ஆகுமா? சவத்த விடு. எனக்கு ஏச்சு என்ன புதுசா?" சுருட்டிய வயரை ஆட்டோவில் போட்டுவிட்டுத் திரும்பினார். "நீ அவருகிட்ட ஒண்ணும் பேசப் போவாத. என்னம்மோ, நேத்துத்தான் தெரிஞ்சுது, ஒம்பது எம்புட்டு நீளம்னு."

அடுத்த வயர்ச் சுருளை ஹஃப்சா எடுத்து ஆட்டோவில் ஏற்றினாள்.

வீட்டுக்கு வந்து, துணி காயப்போட்டிருந்த மொட்டை மாடிக்கு ஏறினாள். அக்கம்பக்கத்து மாடிகளில் யாரும் இல்லை. விஜயசங்கருக்குப் போன் செய்தாள்.

"சார், நேத்து மைக்குல ஒரு பழுதும் இல்ல. அந்த இடத்துல நான் பேசாம நிக்கணும்னுதான் கவிதையே. அண்ணாச்சிகிட்ட நாந்தான் எதையும் தொடாதீங்கன்னு சொன்னேன்."

அந்தப் பக்கம் சிரிப்பு கேட்டது. "நல்ல மனசும்மா உனக்கு. வயசான ஆளுன்னு பாவம் பாக்க. பேசுததுக்குக் கூப்பிட்டா யாராச்சும் வந்து பேசாம நிப்பாங்களா? என்னய என்ன சின்னப் பிள்ளைன்னு நெனச்சியா?"

"இல்ல சார், நெசமாவே—"

"எனக்கு வேலை கெடக்கும்மா. ஆளு மாத்தியாச்சு, விடு."

உண்மையைச் சொல்லி முடித்துவிட்டாள், அது விலைபோகவில்லை. மனிதர்கள் சில நேரம் உண்மைக்குக் கதவைச் சாத்திவிட்டு வேறொன்றுக்குத் திறந்து வைத்திருக்கிறார்கள். அவர் நம்பக்கூடியது ஒன்றே ஒன்றுதான் மிச்சம் இருந்தது. அது எது என்று அவளுக்குத் தெரியும். மேடையில் பத்து வருஷமாக ஒரு சொல்லைத் தவறவிட்டதில்லை என்பதுதான் ஹஃப்சாவின் ஒரே பெருமை. நேற்றைய ஒன்பது நொடி அந்தப் பெருமையின் உச்சி.

"சார், வச்சிராதீங்க. எனக்கு மறந்துபோச்சு."

"என்னது?"

"வரி மறந்துபோச்சு சார். அதான் நின்னுட்டேன். சொல்ல வெக்கமா இருந்துச்சு."

"அப்படிச் சொல்லு!" விஜயசங்கரின் குரல் ஒரேயடியாகக் கனிந்துவிட்டது. "நானும் நெனச்சேன், முழிச்ச முழியே சரியில்லையேன்னு. இதுல என்னம்மா வெக்கம்? வெண்டைக்காய் நெறையச் சாப்பிடு. கையில ஒரு தாளு வச்சுக்கிட்டா கொறஞ்சா போயிருவ?"

"சரி சார்."

"தப்பா நெனைக்காத, அடுத்த வருசம் வேற யாரையாச்சும் பாத்துக்கிடுதோம். நாலு பெரிய மனுசன் உக்காந்திருக்க எடம் பாரு."

"சரி சார். அண்ணாச்சியத் திரும்பக் கூப்பிடுவீங்கள்லா?"

"கூப்பிடுதேன், கூப்பிடுதேன். சாயங்காலமே வரச் சொல்லுதேன். மறந்தது அந்தப் புள்ளதான்னு அந்த மனுசனாவது வாயத் தொறந்து சொல்லிருக்கலாம். வாயில கொழுக்கட்டையா வச்சிருந்தாரு?"

"நான் போன் பண்ணுனது அவருக்குத் தெரிய வேண்டாம் சார்."

"உன் மானத்த நான் எதுக்கும்மா வாங்கப் போறேன்?" என்று சொல்லி வைத்துவிட்டார்.

அந்த மானம் பொழுது சாய்வதற்குள் தென்காசி முழுக்கப் போய்விடும் என்று அவளுக்குத் தெரியும். அவள் சொன்னது பொய்தான். பொய் பொய்தான், இல்லையென்று சொல்ல நமக்கு உரிமை இல்லை. ஆனால் ஒரு மனுஷன் தன் கையின் மேலேயே உட்கார்ந்து வாங்கிக்கொண்ட ஏச்சில் தன் பங்கை எடுத்துக்கொள்ள அவளுக்கு வேறு வழி கிடைக்கவில்லை. மீதியைப் படைத்தவன் பார்த்துக்கொள்வான்.

கீழேயிருந்து உம்மா குரல் கொடுத்தாள். "ஏட்டி, மேல யாருகூடப் பேசிக்கிட்டிருக்க?"

"யாரும் இல்ல உம்மா."

தூறல் விழத் தொடங்கியது. அவள் கொடியில் கிடந்த துணிகளை நனைவதற்குள் ஒவ்வொன்றாக எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டாள்.