பாதிரியாரின் உதடுகள்

எர்மினியோ படப்பிடிப்பில் வசனம் பேசுவதில்லை, எண் சொல்வார். ரோமில் சின்ன வேடக்காரர்கள் பலர் அப்படித்தான். குரலை எப்படியும் பிறகு வேறொருவர் கொடுத்துவிடுவார். தரகனாக, கசாப்புக்காரனாக, சிறைக் காவலனாக நின்று, முகத்தில் கோபத்தை ஏற்றிக்கொண்டு, "முப்பத்தொண்ணு, முப்பத்திரண்டு" என்பார். திரையில் அவர் வாயிலிருந்து டப்பிங் கலைஞன் துல்லியோவின் கனத்த குரல் வரும்.

சர்க்கரை நோயில் மனைவி நெல்டாவுக்குப் பார்வை போன பிறகுதான் இது அவரை உறுத்தத் தொடங்கியது. முன்பெல்லாம் திரையில் கூட்டத்துக்குள் அவர் மூக்கைக் கண்டுபிடித்து முழங்கையால் இடிப்பாள். இப்போது அவளைப் பொறுத்தவரை எந்தப் படத்திலும் அவர் இல்லை.

அந்தக் குளிர்காலத்தில் பாதிரியார் வேடம் ஒன்று வந்தது. சாகக் கிடக்கும் திருடனிடம் பேச நான்கு வரி. தொப்பியைக் கையில் பிடித்தபடி இயக்குநர் பாசெத்தியிடம் போய் நின்றார்.

"இந்த ஒரு தடவை குரலும் நானே குடுக்கறேன்."

"குடுங்க, யார் வேணாம்னா? ஆனா செட்ல வசனத்தையே சொல்லணும். கணக்கு வாத்தியார் வேலை ஆகாது."

வீட்டில் அவரைப் பேசவைத்துத் திருத்தியது நெல்டாதான். "சாகறவன்கிட்ட ஏன் கத்தற? அவன் என்ன செவிடா?" என்பாள். நான்கு வரியும் அவளுக்கு மனப்பாடமாகிவிட்டது. இந்தப் படத்தில் அவர் குரலே கேட்கும் என்று பக்கத்து வீடுகளிலும் சொல்லிவைத்தாள்.

காட்சி எடுத்த அன்று அடுத்த செட்டில் தச்சர்கள் ஆணி அடித்துக்கொண்டிருந்தார்கள். ஒலிப்பதிவே இல்லாத இடத்தில் யார் தடுப்பார்கள்? கேமரா ஓடும்போதே பாசெத்தியும் கத்தினார்: "கண்ணுல தண்ணி வேணும். இன்னும், இன்னும்." எர்மினியோ அழுதார். நெல்டாவை நினைத்து உண்மையாகவே அழுதார். முதல் டேக்கே போதும் என்றார்கள்.

குரல் பதியும் அறையில் அந்தக் காட்சியை ஓட்டினார்கள். கன்னத்தில் நீர் வழிய, பாதிரியாரின் உதடுகள் அசைந்தன. எர்மினியோ பேசினார். உதடுகள் முன்னால் ஓடின. மறுபடி பேசினார். இம்முறை உதடுகள் மூடியபின்னும் வார்த்தை மிச்சமிருந்தது.

மூலையில் புகைத்துக்கொண்டிருந்த துல்லியோ எழுந்து வந்தான்.

"நீ அங்க 'பயப்படாதே மகனே' சொல்லலப்பா. அழற வேகத்துல பழைய பழக்கம் வந்திருச்சு. நாற்பத்தேழு, நாற்பத்தெட்டுனு போயிட்டிருக்க."

யாரோ சிரித்தார்கள். துல்லியோ சிரிக்கவில்லை.

"செட்டைப் பிரிச்சாச்சு," என்றார் பாசெத்தி. "துல்லியோ, உன்னால முடியுமா?"

முடிந்தது. எண்களின் மேல் வார்த்தைகளை வைத்துத் தைப்பதுதான் அவனுக்குச் சோறு போட்டது. எர்மினியோ கண்ணாடிக்கு இந்தப்பக்கம் நின்று கேட்டார். நன்றாகத்தான் இருந்தது.

நெல்டாவிடம் சொல்ல வாய் வரவில்லை. இன்று, நாளை என்று தள்ளிப்போடுவதற்குள் படம் பேட்டைக் கொட்டகைக்கே வந்துவிட்டது. ஞாயிறு மதியம் சாம்பல் நிறக் கோட்டை அணிந்து, உதட்டுச் சாயத்தைத் தானே தடவிக்கொண்டு, அவர் கையைப் பிடித்தபடி வந்தாள்.

திருடன் இருமத் தொடங்கியதும் அவள் விரல்கள் அவர் சட்டைக் கையை இறுக்கின.

"பயப்படாதே மகனே," என்றது துல்லியோவின் குரல்.

விரல்கள் தளர்ந்தன.

"அப்ப நீ எங்க?" என்று மெதுவாகக் கேட்டாள்.

எர்மினியோ அவள் காதருகே குனிந்தார். "பயப்படாதே மகனே. கதவு திறந்துதான்..."

"யோவ் பெரியவரே," என்றான் பின்வரிசையிலிருந்து ஒருவன். "கொஞ்சம் வாயை மூடுய்யா. பாதிரியார் பேசறது கேக்கல."

எர்மினியோ நிமிர்ந்து உட்கார்ந்தார். மிச்ச வரிகளைத் துல்லியோ சொல்லி முடித்தான்.